மலைக்கு உள்ள ஆறு எப்படி ஓடுது? பலாவான் குகைக்குப் போறதுக்கு முன்னாடி ஒரு விளக்கம்

பிலிப்பைன்ஸ்ல பலாவான் தீவுக்குப் போயிட்டு வந்த ரெண்டு மூணு பேர்கிட்ட அந்த நிலத்தடி ஆறு எப்படி இருந்துச்சுன்னு கேட்டிருக்கேன், எல்லாரும் கிட்டத்தட்ட ஒரே பதில்தான் சொன்னாங்க, ஒரே இருட்டு, வவ்வால் நாத்தம், டார்ச் அடிச்சு இது காளான் மாதிரி இருக்கு அது சர்ச் மாதிரி இருக்குன்னு காட்டுனாங்க, முக்கா மணி நேரத்துல வெளிய கொண்டாந்து விட்டுட்டாங்கன்னு. எனக்கு அது கேக்கவே மனசு தாங்கல. அவ்வளவு தூரம் போய், அவ்வளவு செலவு பண்ணி, உலகத்துல ரொம்ப சில இடத்துல மட்டும் பாக்கக் கிடைக்கிற ஒண்ணுக்கு உள்ள உக்காந்துட்டு, அங்க என்ன நடந்துட்டு இருக்குன்னே தெரியாம வர்றது பெரிய நஷ்டம். நான் வீட்டுக்காரம்மாவையும் பொண்ணையும் கூட்டிட்டுப் போறதுக்கு முன்னாடி ஒரு வாரம் ராத்திரி ராத்திரி உக்காந்து இந்த மாதிரி குகை எப்படி உருவாகுதுன்னு படிச்சேன், அதனாலயே எனக்கு அந்த முக்கா மணி நேரம் வேற மாதிரி போச்சு. அதைத்தான் இங்க எழுதுறேன், சயின்ஸ் படிக்காதவங்களுக்கும் புரியிற மாதிரி.

முதல்ல இடம். பலாவானோட தலைநகர் புவெர்ட்டோ பிரின்சேசா, அங்க இருந்து வடக்கால சுமார் 80 கிலோமீட்டர், வேன்ல ரெண்டு மணி நேரத்துக்கு மேல ஆகும், சபாங்னு ஒரு கடலோர கிராமம். அங்க ரெண்டு பக்கமும் மூங்கில் கட்டின மோட்டார் படகுல ஏத்தி கடல் வழியா கூட்டிட்டுப் போவாங்க, இறங்குனதும் காட்டுக்குள்ள கொஞ்ச தூரம் நடை, அப்புறம் பச்சைத் தண்ணி தேங்கி நிக்கிற ஒரு சின்ன கழிமுகம், அதுக்கு எதிர்ல மலை அப்படியே வாயத் திறந்த மாதிரி குகை. அந்த வாயில இருந்து வர்ற தண்ணிதான் ஆறு. மலைக்கு அடியில 8.2 கிலோமீட்டர் ஓடி வந்து நேரா கடல்ல கலக்குது. 1971ல தேசியப் பூங்காவா அறிவிச்சாங்க, 1999ல யுனெஸ்கோ உலகப் பாரம்பரியச் சின்னம் ஆச்சு, 2011ல நடந்த புதிய ஏழு இயற்கை அதிசயங்கள் ஓட்டெடுப்புலயும் ஜெயிச்சுது, அதுக்கு அப்புறம்தான் கூட்டம் ஏகப்பட்டது.

சரி, விஷயத்துக்கு வரேன். ஒரு மலை, அதுக்கு உள்ள ஒரு ஆறு. பாக்குறவங்களுக்கு முதல்ல தோணுறது, ஏற்கனவே ஒரு குகை இருந்துச்சு, அதுக்குள்ள எப்படியோ ஆறு புகுந்துடுச்சுன்னு. உண்மை அதுக்கு நேர் தலைகீழ். தண்ணி முதல்ல, குகை அப்புறம். தண்ணிதான் அந்தக் குகையை வெட்டுனது. இன்னும் வெட்டிக்கிட்டே இருக்கு, நீங்க போட்ல உக்காந்திருக்கிற அந்த நிமிஷம்கூட.

தண்ணி எப்படி கல்லை வெட்டும்? எல்லாக் கல்லையும் இப்படி வெட்டாது. கருங்கல் மலையில இந்த மாதிரி ஆறு ஓடுற குகை வராது. இது சுண்ணாம்புக்கல் மலை. சுண்ணாம்புக்கல்னா என்னன்னு நம்ம ஊர்க்காரங்களுக்குச் சொல்லிப் புரிய வைக்கிறது சுலபம், கிளிஞ்சலைச் சுட்டு சுண்ணாம்பு எடுத்து சுவத்துக்கு அடிச்சவங்க நாம. கடல்ல வாழ்ற சிப்பி, சங்கு, பவளம், கண்ணுக்கே தெரியாத கோடிக்கணக்கான சின்ன உயிர், இதெல்லாம் செத்து கடல் தரையில கூடுகூடா படிஞ்சு, மேல மேல அமுங்கி, கல்லா இறுகுனதுதான் சுண்ணாம்புக்கல். அப்புறம் பூமி மெல்ல மேல தள்ளி அதை மலையாக்கிடுச்சு. ஆக பலாவான்ல அந்த மலை ஒரு காலத்துல கடல் தரை. நான் சும்மா சொல்லல, அந்தக் குகைச் சுவர்லயே கடல்பசு இனத்து விலங்கு ஒண்ணோட எலும்பு கல்லோட கல்லா பதிஞ்சு கிடக்குறதைக் கண்டுபிடிச்சிருக்காங்க, சுமார் 2 கோடி வருஷம் பழசு. நம்ம பாக் நீரிணையில கடல் புல் மேயுற ஆவுளியா இருக்கே, அதுக்குத் தூரத்துச் சொந்தம்.

இந்தக் கல்லுக்கு ஒரு பலவீனம் உண்டு, அமிலம் பட்டா கரையும். அதுக்கு பெரிய அமிலம் எதுவும் வேணாம். உங்க அடுப்படியையே பாருங்க. போர்வெல் உப்புத் தண்ணி வர்ற வீட்டுல கெட்டில் அடியில, குண்டானுக்கு உள்ள வெள்ளையா ஒரு படிவம் ஒட்டிக்கும், ஸ்க்ரப்பர் போட்டு எவ்வளவு தேய்ச்சாலும் போகாது, எலுமிச்சம்பழத் தோலை வெச்சுத் தேய்ச்சா நுரைச்சுக்கிட்டு வந்துடும். அந்த வெள்ளைப் படிவத்துல பெரும்பகுதி சுண்ணாம்புக்கல் எதனால ஆனதோ அதே கால்சியம் கார்பனேட்தான். எலுமிச்சை அதைக் கரைக்குது. குகை உருவாகுறதும் இதேதான், எலுமிச்சைக்குப் பதிலா மழைத் தண்ணி.

மழைத் தண்ணி எப்படி அமிலம் ஆகும்னு கேப்பீங்க. காத்துல இருக்கிற கார்பன் டை ஆக்சைடு மழையில கொஞ்சம் கரையும், சோடா பாட்டில்ல அடைக்கிற அதே வாயு, ஆனா ரொம்ப ரொம்பக் கம்மியா. அது மட்டும்னா கல்லைப் பெருசா ஒண்ணும் பண்ணாது. உண்மையான வேலை மண்ணுக்குள்ள நடக்குது. காட்டு மண்ணுல வேர் மூச்சு விடுது, இலை மக்குது, பூச்சி, நுண்ணுயிர் எல்லாம் சேந்து அந்த வாயுவை வெளிவிட்டுக்கிட்டே இருக்கும், அதனால மண்ணுக்குள்ள இருக்கிற காத்துல கார்பன் டை ஆக்சைடு வெளிக்காத்துல இருக்கிறதைவிடப் பல மடங்கு, சில இடத்துல பத்து மடங்கு, இருபது மடங்குக்கு மேல இருக்கும். மழை அந்த மண்ணு வழியா இறங்கும்போது அத்தனையையும் வாங்கிக்கிட்டு லேசான அமிலமா கீழ இறங்குது. அதனாலதான் சொல்றேன், அந்தக் குகை அவ்வளவு பெருசா இருக்குறதுக்கு மேல இருக்கிற காடு ஒரு காரணம். போட்ல போறவங்க யாரும் மேல இருக்கிற மரத்தைப் பத்தி யோசிக்கிறதில்ல. மரமும் குகையும் ஒரே விஷயத்தோட மேல் பாதி கீழ் பாதி.

அந்தத் தண்ணி கல்லுல இருக்கிற விரிசல் வழியா இறங்கும். ஆரம்பத்துல முடி அளவு விரிசல்தான். கரைஞ்சு கரைஞ்சு விரல் அளவு ஆகும், ஒரு விரிசல் மத்ததைவிடக் கொஞ்சம் பெருசாயிட்டா போதும், பக்கத்துல இருக்கிற தண்ணியெல்லாம் அது வழியாவே போகப் பாக்கும், அதிகத் தண்ணி போனா அதிகமா கரையும், அதிகமா கரைஞ்சா இன்னும் அதிகத் தண்ணி வரும், இப்படியே போயி பல்லாயிரக்கணக்கான, லட்சக்கணக்கான வருஷத்துல ஒரு குழாய், அப்புறம் ஒரு சுரங்கம். ஒரு கட்டத்துல மேல ஓடிட்டிருந்த ஆறே அந்த ஓட்டைக்குள்ள இறங்கிடும். இங்க கபயுகன்னு ஒரு ஆறு, மலைக்குத் தென்மேற்குல சாதாரணமா வெளிய ஓடி வருது, அப்புறம் மண்ணுக்குள்ள இறங்கிடுது, மறுபடி வெளிச்சத்தைப் பாக்குறது கடலோரத்துல அந்தக் குகை வாயிலதான். ஸ்கூல் புவியியல்ல உறிஞ்சுத் துளைன்னு படிச்சிருப்போம், இந்த மாதிரி தண்ணி உள்ள இறங்குற குழிகளைத்தான் அப்படிச் சொன்னாங்க. மொத்தமா இப்படிக் கரைஞ்சு உருவாகுற நிலத்துக்குப் பேரு கார்ஸ்ட். ஸ்லோவேனியாவுல இருக்கிற கிராஸ்ங்கிற பீடபூமியோட பேர்ல இருந்து வந்த வார்த்தை, அங்க ரேக்கான்னு ஒரு ஆறு ஷ்கோசியான் குகைக்குள்ள மறைஞ்சு முப்பது கிலோமீட்டருக்கு மேல தள்ளி இத்தாலி கடலோரத்துல வேற பேர்ல வெளிய வருது.

குகைக்குள்ள போனதும் டார்ச் வெளிச்சம் சுவத்துல படும்போது உருவம் தேடாதீங்க, சுவத்தோட மேற்பரப்பைப் பாருங்க. கூரை சில இடத்துல வழவழன்னு உருண்டையா கவுத்துப் போட்ட சட்டி மாதிரி இருந்தா, அந்த இடம் முழுசும் தண்ணியால நிரம்பியிருந்த காலத்துல எல்லாப் பக்கமும் ஒரே சீரா கரைஞ்சதுன்னு அர்த்தம். கீழ ஆழமா, குறுகலா வெட்டு விழுந்திருந்தா, தண்ணி மட்டம் இறங்குனதுக்கு அப்புறம் ஆறு தரையை மட்டும் அறுத்துக்கிட்டே போயிருக்கு. இன்னொண்ணு, சுண்ணாம்புக் குகை சுவர்கள்ல கரண்டியால சுரண்டி எடுத்த மாதிரி சின்னச் சின்ன குழி வரிசையா இருக்குறது உண்டு, அது தண்ணி ஓட்டம் விட்டுட்டுப் போன தடம், குழி சின்னதா நெருக்கமா இருந்தா தண்ணி வேகமா ஓடியிருக்கு, பெருசு பெருசா இருந்தா மெதுவா ஓடியிருக்கு. ஆறு எழுதி வெச்ச டைரின்னே சொல்லலாம், படிக்கத் தெரிஞ்சா போதும்.

இப்போ இதோட அடுத்த பாதி, எனக்கு ரொம்பப் பிடிச்ச பாதி. தண்ணி கல்லைக் கரைக்குதுன்னா, அந்தக் கூரையில தொங்குற விழுதெல்லாம் எங்க இருந்து வந்துச்சு? ரெண்டையும் பண்ணது ஒரே தண்ணிதான். மண்ணுல இருந்து கார்பன் டை ஆக்சைடை வாங்கிக்கிட்டு, வழியில கல்லைக் கரைச்சு வயித்துல வெச்சுக்கிட்டு அந்தச் சொட்டு குகைக் கூரைக்கு வந்து சேருது. குகைக் காத்துல மண்ணுல இருந்த அளவுக்கு அந்த வாயு கிடையாது. சோடா பாட்டிலைத் திறந்தா கேஸ் வெளிய போற மாதிரி சொட்டுல இருக்கிற வாயு வெளியேறிடும். வாயு போயிட்டா அந்தத் தண்ணிக்கு கல்லைக் கரைச்சு வெச்சுக்கிற சக்தியும் போயிடும், அதனால கொஞ்சூண்டு கல்லை அங்கயே விட்டுட்டு விழுது. நிறைய பேரு தண்ணி ஆவியாகி உப்பு படியிற மாதிரின்னு நினைக்கிறாங்க, உள்ள காத்து ஈரம் நிறைஞ்சு கிடக்கும்போது ஆவியாகுறது ரொம்பக் கம்மி, பெரும்பாலும் வாயு வெளியேறுறதுதான் காரணம். கெட்டில்ல தண்ணி கொதிக்கும்போது படியிறதும் இதேதான், சூட்டுல வாயு போயிடுது, சுண்ணாம்பு அடியில தங்கிடுது. உங்க அடுப்படியில கெட்டில்ல படியிறது கல்விழுது, எலுமிச்சையில கரையிறது குகை, ரெண்டு பாதியும் வீட்டுலயே நடக்குது.

மேல இருந்து தொங்குறது கல்விழுது, கீழ இருந்து வளர்றது கல்முளை, ரெண்டும் சேந்துட்டா கல்தூண். எவ்வளவு மெதுவா வளரும்னா பல குகைகள்ல வருஷத்துக்கு ஒரு மில்லிமீட்டர்ல பத்துல ஒரு பங்கு அளவுதான், இடத்தைப் பொறுத்து கூடும் குறையும். அந்தக் கணக்குல ஒரு ஜாண் நீளம் ஆகவே ரெண்டாயிரம் வருஷத்துக்குப் பக்கமா ஆகும்.

எங்க போட்டு ஒரு இடத்துல சுவத்துக்கு ரொம்பக் கிட்ட ஒதுங்குச்சு, எதிர்ல வர்ற போட்டுக்கு வழி விடுறதுக்காக. என் தலைக்கு மேல ரெண்டு முழம் உயரத்துல ஒரு சின்ன விழுது, சுண்டு விரல் கனம்தான் இருக்கும், அதோட நுனியில ஒரு சொட்டு. விழவே இல்ல. டார்ச் வெளிச்சம் சைடுல பட்டதுல அந்தச் சொட்டு கண்ணாடி மாதிரி தெரியுது, உள்ள விழுதோட நுனி தலைகீழா தெரியுது. படகுக்காரர் எதிர் போட்டு ஆளோட அவங்க பாஷையில ஏதோ மெதுவா பேசிட்டிருந்தார், நான் அந்தச் சொட்டையே பாத்துட்டிருந்தேன். கொஞ்சம் கொஞ்சமா கனத்து, லேசா ஆடி, விழுந்து என் ஹெல்மெட் மேல டொக்குனு ஒரு சத்தம். அடுத்த சொட்டு உடனே நுனியில ஆரம்பிச்சிடுச்சு. அந்த விழுந்த சொட்டு விட்டுட்டுப் போன கல்லு கண்ணுக்கே தெரியாத அளவு, ஆனா அந்த அளவை வெச்சுத்தான் அந்தக் குகையில நான் பாத்த அத்தனையும் கட்டப்பட்டிருக்கு. என் பொண்ணு கையைப் புடிச்சுக் காட்டுனேன், அவளும் அடுத்த சொட்டு விழுற வரைக்கும் மூச்சு விடாம பாத்தா.

அவதான் வெளிய கழிமுகத்துல காத்திருக்கும்போதே ஒரு கேள்வி கேட்டா, அப்பா இது ஆத்துத் தண்ணியா கடல் தண்ணியான்னு. நல்ல கேள்வி, ஏன்னா இந்தக் குகையோட தனிச்சிறப்பே அதுதான். உலகத்துல நிலத்தடி ஆறு எவ்வளவோ இருக்கு, நேரா கடல்ல திறக்குறதும் கீழ்ப்பகுதியில கடலோட ஏத்த வத்தம் நடக்குறதும் இங்க இருக்கு. ஓதம் ஏறும்போது கடல் தண்ணி குகைக்குள்ள ஏறும், உப்புத் தண்ணி கனம், அதனால அடியில போகும், நல்ல தண்ணி மேல மிதக்கும், வத்தும்போது ரெண்டும் வெளிய வரும். கலக்குற இடத்துல இன்னொரு விஷயமும் நடக்கும், நல்ல தண்ணியும் கடல் தண்ணியும் தனித்தனியா சுண்ணாம்பைக் கரைக்க முடியாத நிலையில இருந்தாலும், ரெண்டும் கலந்தா அந்தக் கலவை மறுபடி கரைக்க ஆரம்பிக்கலாம். கடலோர சுண்ணாம்புக் குகைகள் பெருசாகுறதுக்கு இது ஒரு முக்கியக் காரணம்.

டூர்ல உங்களைக் கூட்டிட்டுப் போறது முழு 8.2 கிலோமீட்டரும் இல்ல, முதல் ஒண்ணரை கிலோமீட்டர் வாக்குல போயி அதே வழியா திரும்புறதுதான். துடுப்புப் போட்ட படகு, மோட்டார் கிடையாது. லைஃப் ஜாக்கெட், ஹெல்மெட் குடுப்பாங்க, காதுல ஆடியோ கைடு மாட்டி விடுவாங்க. உள்ள லைட் கம்பம் எதுவும் இல்ல, படகுல இருக்கிற டார்ச் மட்டும்தான், எனக்கு அது ரொம்ப சரின்னு பட்டுச்சு. கலர் கலரா லைட் போட்ட குகைகள்ல பல்பைச் சுத்தி பாறையில பச்சையா பாசி படிஞ்சு கிடக்கும், வெளிச்சமே இல்லாத இடத்துல வெளிச்சம் குடுத்தா அப்படித்தான் ஆகும், அந்தப் பாசி பாறையையும் அரிக்கும்.

பேசக்கூடாது, தொடக்கூடாதுன்னு சொல்வாங்க. தொடக்கூடாதுன்னா உடைஞ்சிடும்னு மட்டும் இல்ல, நம்ம கையில இருக்கிற எண்ணெய்ப் பசை விழுது மேல ஒட்டிட்டா தண்ணி அதுல சரியா படராது, அந்த இடத்துல கல்லு படியிறது நின்னு போகலாம், கறுத்தும் போயிடும். பேசக்கூடாதுங்கிறது உயிர்களுக்காக. பகல்ல கூரையில வவ்வால் கொத்துக் கொத்தா தொங்கித் தூங்கும். அதே குகையில உழவாரக் குருவிகளும் கூடு கட்டியிருக்கு, பகல்ல வெளிய போய் பூச்சி புடிச்சிட்டு வரும், கும்மிருட்டுல டிக் டிக்னு சத்தம் எழுப்பி அந்த எதிரொலியை வெச்சு சுவத்துல மோதாம பறக்கும், வவ்வால் மாதிரியே, ஆனா இதோட சத்தம் நம்ம காதுக்கே கேக்கும். சாயங்காலம் குருவி உள்ள வர, வவ்வால் வெளிய போக, ஷிஃப்ட் மாறுற மாதிரி. இவங்க போடுற எச்சம்தான் உள்ள வாழ்ற பூச்சி, நண்டு எல்லாத்துக்கும் சாப்பாட்டோட தொடக்கம், வெயிலே படாத இடத்துல செடி வளர முடியாது இல்லையா. அந்த நாத்தத்தை நான் அப்படித்தான் எடுத்துக்கிட்டேன், அது அந்தக் குகையோட சமையல்கட்டு வாசம். மேல அண்ணாந்து பாக்கும்போது மட்டும் வாயை மூடிக்கோங்க.

இன்னொரு விஷயம் சொல்லியே ஆகணும். மணல் இருக்கிற ஊர்ல மழைத் தண்ணி மெல்ல வடிஞ்சு சுத்தமாகி கிணத்துக்கு வரும். சுண்ணாம்புக்கல் மலையில அந்த வடிகட்டல் கிடையாது. விரிசலும் ஓட்டையும் பைப் மாதிரி, மேல ஒருத்தர் கொட்டுறது சில மணி நேரத்துலயோ சில நாள்லயோ அப்படியே கீழ ஆத்துல வந்து நிக்கும். வயல்ல அடிக்கிற மருந்து, சாக்கடை, பிளாஸ்டிக், எல்லாமே. அதனால குகையைக் காப்பாத்தணும்னா குகை வாசல்ல கேட் போட்டா மட்டும் போதாது, அந்த ஆறு உள்ள இறங்குற மேட்டு நிலத்தையும் காட்டையும் சேத்துக் காப்பாத்தணும். பூங்கா எல்லை மலையையும் காட்டையும் சேத்து இருக்குறதோட அர்த்தம் இதுதான்.

போறவங்களுக்கு சில விஷயம். ஒரு நாளைக்கு இத்தனை பேர்தான்னு அளவு வெச்சிருக்காங்க, அனுமதி முன்கூட்டியே வாங்கணும், டூர் எடுத்தா அவங்களே வாங்கிடுவாங்க. கடல் கொந்தளிப்பா இருந்தாலோ கன மழை பெஞ்சாலோ டூரை நிறுத்திடுவாங்க, அதனால கடைசி நாள் வெச்சுக்காதீங்க, ஒரு நாள் கையில இருக்கட்டும், நவம்பர்ல இருந்து மே வரைக்கும் மழை கம்மி. கடற்கரையில குரங்கு இருக்கு, பாலிதீன் கவரைப் பாத்தா புடுங்கிட்டுப் போயிடும், பெரிய உடும்பும் சாதாரணமா நடந்து போகும், ரெண்டுக்கும் தீனி போடாதீங்க. முடிஞ்சா படகுல முன்னாடி சீட்டு கேளுங்க. உள்ள போன கொஞ்ச நேரத்துல போட்டோ எடுக்குறதை விட்டுடுங்க, ஃபோன் வெளிச்சம் கண்ணுல பட்டா கண்ணு இருட்டுக்குப் பழகாது.

பலாவான் வரைக்கும் போக முடியாதவங்க வருத்தப்பட வேணாம். இதே கதை நமக்குப் பக்கத்துல ஆந்திராவுல நந்தியால் மாவட்டத்துல பேலம் குகையில இருக்கு, தாடிபத்ரியில ரயில் இறங்கி அங்க இருந்து ரோட்டுல போகலாம். 3,229 மீட்டர் நீளம், 1884ல ராபர்ட் புரூஸ் ஃபுட் பதிவு பண்ணது, 2002ல மக்களுக்குத் திறந்தாங்க, இப்போ ஒண்ணரை கிலோமீட்டர் வாக்குல நடந்து பாக்கலாம். அங்க ஆறு இப்போ பெருசா இல்ல, குகையை வெட்டுன தண்ணி போயிடுச்சு, வெட்டுன பாதை மட்டும் காஞ்சு நிக்குது, அதனால சுவத்துல நான் மேல சொன்ன வழவழப்பு, வளைவு எல்லாத்தையும் கிட்டப் போய் நின்னு நிதானமா பாக்கலாம், போட்ல அந்த நிதானம் கிடைக்காது. கடைசியில படி இறங்குனா பாதாளகங்கைன்னு ஒரு இடம், தரைமட்டத்துல இருந்து 46 மீட்டர் ஆழத்துல, அங்க மட்டும் ஒரு சின்ன ஓடை வந்து பாறைக்குள்ள மறைஞ்சு போகுது. உள்ள புழுக்கம் ஜாஸ்தி, தண்ணி பாட்டிலும் பிடிப்பான செருப்பும் கட்டாயம்.